கல்லில் வெட்ட ஒரு நல்ல பெயர்

1. மலைச்சாமியின் பெயர்

மயிலாடியில் ஒரு கல் பட்டறையில் நான் பதினான்கு வருஷம் வேலை பார்த்தேன். அத்தனை வருஷத்தில் ஒரு நாள்கூட உளியைத் தொட்டதில்லை. இதைச் சொன்னால் இப்போதுள்ள பிள்ளைகள் சிரிக்கிறார்கள். பட்டறையில் உளி பிடிக்கத் தெரிந்தவர்கள் பன்னிரண்டு பேர் இருந்தார்கள். எழுதப் படிக்கத் தெரிந்தவர் ஒருவர்கூட இல்லை. அதற்காகத்தான் மிஷன் பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்பு வரை போன என்னை, ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் நடுவில், வேலைக்கு வைத்தார்கள். ஆர்டர் கொண்டு வருகிறவர்களிடம் பெயரும் ஊரும் கேட்டு எழுதி வைப்பது, கல்லில் நூல் அடித்து லைன் போடுவது, காவி கரைத்து எழுத்தை வரைந்து கொடுப்பது, இவ்வளவுதான் என் வேலை. கேட்கச் சுலபமாக இருக்கிறது அல்லவா? நானும் அப்படி நினைத்துத்தான் சேர்ந்தேன்.

காகிதத்தில் தப்பு வந்தால் அடித்து எழுதலாம். கல்லில் தப்பு வந்தால் கல்லே போயிற்று. நான் வரைந்ததை ஆசாரிகள் அப்படியே வெட்டுவார்கள். ஈரக் காவியில் ஓர் ஈ மிதித்து இழுத்துக்கொண்டு போயிருந்தால் அந்த ஈயின் காலையும் சேர்த்து வெட்டிவிடுவார்கள். பட்டறையை நடத்திய நீலன் ஆசாரிக்கு எழுத்துகளை வடிவத்தால்தான் தெரியும். 'ட' என்றால் அவருக்கு மூலை. 'ண' என்றால் மூணு சுழி. கருங்கல்லில் சுழி வெட்டும்போது ஓரம் தெறித்துவிடும் என்பதால், சுழி அதிகமுள்ள பெயரோடு யார் வந்தாலும் அவர் முகம் சுருங்கும்.

நான் சேர்ந்த முதல் நாள் மருங்கூர்ப் பக்கமிருந்து ஓர் அம்மாள் வந்தார். இறந்துபோன கணவர் நினைவாக, மாடுகள் தண்ணீர் குடிக்க வழியோரத்தில் ஒரு கல்தொட்டி வைக்க வேண்டும். தொட்டியில் கணவர் பெயர் இருக்க வேண்டும். பென்சிலை நாக்கில் தொட்டுக்கொண்டு பெயரைக் கேட்டேன். அந்த அம்மாள் தலையைக் குனிந்துகொண்டார்.

"நான் எப்பிடிச் சொல்லுவேன்?" என்றார்.

கணவர் போனபிறகும் அவர் பெயரை வாயால் சொல்லமாட்டார்களாம். சரி, ஜாடையாவது காட்டுங்கள் என்றேன். மருங்கூர் மலையைக் கையால் காட்டி, "அந்தச் சாமிக்க பேருதான்," என்றார். எனக்கு உற்சாகம் வந்துவிட்டது. முருகன் என்றேன். இல்லை. சுப்பிரமணியன்? இல்லை. ஆறுமுகம், கந்தசாமி, குமாரசாமி, சண்முகம், கார்த்திகேயன் என்று வரிசையாகச் சொன்னேன். ஒவ்வொன்றுக்கும் தலை ஆடியது. வேலாயுதம் என்றதும் முகம் மலர்ந்தது. அப்படியென்றால் வேலாயுதம்தானே என்றேன். இல்லை என்று இரண்டு கைகளையும் பக்கத்தில் பக்கத்தில் கொண்டுவந்து, சின்னது, சின்னது என்று காட்டினார். அரைமணி நேரம் கழித்துத்தான் கண்டுபிடித்தேன். அந்த மனிதரின் பெயர் வேலு.

எழுதி முடித்தபோது என் சட்டை நனைந்திருந்தது. நீலன் ஆசாரி உளியைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "முதல் நாளே அர்ச்சனை நடத்திட்டீரு வே. பிரசாதம் உண்டுமா?"

2. நோட்டுப் புத்தகம்

ஒரு வருஷத்துக்குள் எனக்குப் பெயர்கள்மேல் எரிச்சல் வந்துவிட்டது. வாழ்நாள் முழுவதும் இரண்டெழுத்தில் கூப்பிடப்பட்டவர்களுக்குச் செத்தபிறகு கல்லில் ஒரு முழம் பெயர் வேண்டும். பப்பு என்று வருவார்கள். விசாரித்தால் பத்மநாபன். நாணு என்பார்கள். அது நாராயணன். கிட்டன் கிருஷ்ணன். கோட்டாற்றிலிருந்து மம்மது என்று ஆர்டர் வந்தால் முகம்மது என்று எழுத வேண்டும், அசனார் என்று வந்தால் ஹசன் என்று எழுத வேண்டும். எழுதினால் மறுநாள் மகன் வந்து, "இது ஆருக்க பேரு? எங்க வாப்பாக்க பேரு அசனாராக்கும்," என்று சண்டை பிடிப்பான்.

கடற்கரைக்காரர்கள் இன்னொரு விதம். கடியப்பட்டணத்திலிருந்து ஒருவர் தகப்பனார் கல்லறைச் சிலுவைக்கு வந்தார். சின்னப்பன் என்று எழுதிக்கொண்டேன். கோயில் சாமியார் கொடுத்தனுப்பிய சீட்டிலோ பவுலுஸ் என்று இருந்தது. இரண்டு தகப்பனாரா என்று கேட்காத குறை. பிறகு அந்தச் சாமியாரையே ஒருநாள் பார்த்துக் கேட்டேன். லத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர் என்று பொருளாம், அதனால் அந்தக் காலத்தில் பொருளைப் பார்த்துச் சின்னப்பன் என்று வைத்தார்களாம். அதேபோல ஸ்தேவான் என்றால் கிரீடம், ஆகவே முடியப்பன். யோவானில் ஆண்டவன் அருள் இருக்கிறது, ஆகவே அருளப்பன். யோசேப்புக்கு வந்த சூசை மட்டும் போர்த்துக்கீசியர் வாயில் கேட்டதை அப்படியே வைத்துக்கொண்டது. இதையெல்லாம் சாமியார் சொல்லச் சொல்ல எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. அன்றைக்கே ஒரு நோட்டுப் புத்தகம் வாங்கி, வருகிற பெயர்களையெல்லாம் அர்த்தத்தோடு குறித்து வைக்க ஆரம்பித்தேன்.

என் பெயரையும் எழுதினேன். சுசீந்திரத்துச் சாமி தாணுமாலயன். ஸ்தாணு சிவன், மால் விஷ்ணு, அயன் பிரம்மா. மூன்று பேரில் முதல் ஆளை மட்டும் பிய்த்து எனக்கு வைத்திருந்தார்கள், தாணு. ஸ்தாணு என்றால் அசையாமல் நிற்கிற கட்டை என்று ஒரு சம்ஸ்கிருத வாத்தியார் சொன்னார். அதைப் பட்டறையில் போய்ச் சொன்னது என் புத்திகெட்டதனம். அதற்குப் பிறகு மூன்று மாதம் நான் எங்கே நின்றாலும், "ஏலே, அந்தக் கட்டையக் கொஞ்சம் நகத்திப் போடுங்கலே," என்று ஆசாரி சத்தம் போடுவார்.

நோட்டுப் புத்தகம் தடிக்கத் தடிக்க என் தலையும் தடித்தது. அர்த்தம் தெரிந்தவன் என்ற நினைப்பில் பெயர்களைத் திருத்தத் தொடங்கினேன். 'பிச்சை' என்று வந்தால் பிச்சாண்டி என்று ஆக்குவேன், அது சிவன் பெயராயிற்றே. ஆர்டர் கொண்டு வருகிறவர்களிடம் பெயர் என்ன என்று கேட்கிற வழக்கத்தையே விட்டுவிட்டேன். "நல்ல பெயர் என்ன?" என்றுதான் கேட்பேன். வருகிறவர்களுக்கும் அது மரியாதையாக இருந்தது. இப்போது நினைத்தால் அந்த வாயைப் பொத்திக்கொண்டு போயிருக்கலாமே என்று எனக்கு ஆத்திரமாக வருகிறது.

3. சுமைதாங்கி

அடுத்த வருஷம் ஆவணியில் இரணியல் பக்கத்திலிருந்து ஒரு தாயும் மகனும் வந்தார்கள். மகனுடைய மனைவி எட்டு மாதக் கர்ப்பத்தில் காய்ச்சல் கண்டு இறந்துவிட்டாள். அவள் பெயரில் சுமைதாங்கி வைக்க வேண்டும்.

சுமைதாங்கி என்றால் இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டியிருக்கிறது. வழியோரத்தில் இரண்டு கல்லை நட்டு, குறுக்கே ஒரு கல்லைத் தூக்கி வைப்போம். தலைச்சுமையோடு நடக்கிறவர்கள் யாருடைய உதவியும் இல்லாமல் அதில் சுமையை இறக்கிவைத்து இளைப்பாறலாம். வயிற்றுப் பிள்ளையை இறக்காமலே செத்துப்போன பெண்ணுக்காக அதை வைப்பது வழக்கம். வழிப்போக்கர் ஒவ்வொருவரும் சுமையை இறக்கிவைக்கும்போது, அவள் சுமந்துகொண்டு போனதிலும் கொஞ்சம் இறங்கும் என்று நம்பிக்கை. குறுக்குக் கல்லில் அவள் பெயரை வெட்டுவோம்.

தாய் நல்ல உயரம், நாகம்மை என்று பெயர். மகனுக்கு இருபத்திரண்டு வயதிருக்கும். என் எதிரில் உட்கார்ந்து தரையில் கிடந்த கல்சில்லுகளைப் பொறுக்கி அடுக்கிக்கொண்டிருந்தான்.

"மரிச்சவங்களுக்க பேரு?" என்று கேட்டேன்.

மகன் தலையைத் தூக்காமல், "குப்பை," என்றான்.

எனக்குப் பொறுக்கவில்லை. அதுவரை எத்தனையோ பெயர்களைத் திருத்தியிருந்த வீராப்பு. "அது கிடக்கட்டும். நல்ல பேரு என்ன?" என்றேன்.

அவன் என்னைப் பார்த்தான். ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் அவன் அம்மா முந்திக்கொண்டார். "லெட்சுமி. கெட்டி வந்த அன்னைக்கே நான் வச்ச பேராக்கும். வெளக்கெடுத்து வீட்டுக்குள்ள வந்த பிள்ளைய குப்பைன்னு கூப்பிட எனக்கு நாக்கு வரல்ல."

"நல்ல காரியம் செய்தீங்க," என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். சௌபாக்கியவதி என்று முன்னால் சேர்க்கலாம், அம்மாள் என்று பின்னால் சேர்க்கலாம், கல் ஆறடி இருக்கிறது, இடம் உண்டு என்றெல்லாம் யோசனை சொன்னேன். அந்த அம்மாளின் கண் கலங்கிவிட்டது. "அவ பேரு பெருசா இருக்கட்டும் பிள்ளே," என்றார். மகன் அடுக்கி வைத்த சில்லுகளைக் கையால் தட்டிவிட்டு எழுந்து வெளியே போனான்.

'சௌபாக்கியவதி லெட்சுமி அம்மாள்' என்று மூன்று அங்குல எழுத்தில் வரைந்து கொடுத்தேன். சுழிகளை எண்ணிப் பார்த்த நீலன் ஆசாரி என்னை வாய்க்கு வந்தபடி ஏசினார். "மரிச்ச பிள்ளை பாவம். அதுக்க பேருல நீரு எதுக்குவே இத்தன சங்கிலி கோத்துப் போட்டிருக்கீரு?" ஆனாலும் அவரே உட்கார்ந்து வெட்டினார். ஒரு சுழிகூடத் தெறிக்கவில்லை.

4. தகப்பனார் கேட்ட கேள்வி

கல்லை வண்டியில் ஏற்றுகிற நாள் காலையில் பூதப்பாண்டியிலிருந்து ஒரு மனிதர் நடந்தே வந்து சேர்ந்தார். முழங்கால் வரை சேறு காய்ந்திருந்தது, உழவு வேலையிலிருந்து அப்படியே கிளம்பி வந்தவர்போல. செத்துப்போன பெண்ணின் தகப்பன் என்று சொன்னார். குறுக்குக் கல்லின் பக்கத்தில் போய் உட்கார்ந்து, வெட்டிய எழுத்துகளில் விரலை வைத்து மெதுவாகத் தடவிப் பார்த்தார்.

"எழுத்துக்காரத் தம்பி, இதுல எனக்க பிள்ளைக்க பேரு எங்க இருக்கு?"

நான் பெருமையாகவே வாசித்துக் காட்டினேன். அவர் மறுபடி வாசிக்கச் சொன்னார். வாசித்தேன்.

"இது ஆரு?" என்றார்.

நான் விளக்கினேன். வீட்டில் வைத்த பெயர் எதுவாயிருந்தாலும் கல்லில் நல்ல பெயர்தான் பொருத்தம், லெட்சுமி என்றால் செல்வத்துக்குத் தெய்வம், சௌபாக்கியவதி என்றால் இன்னது என்று நோட்டுப் புத்தகத்தையே ஒப்பித்தேன். அவர் முழுவதையும் பொறுமையாகக் கேட்டார்.

"அர்த்தம் எல்லாம் செரிதான் தம்பி. ஆனா, தலைச்சுமைய எறக்கி வச்சிட்டு லெட்சுமின்னு சொன்னா, அவ எப்பிடித் திரும்பிப் பாப்பா? அவளுக்க பேரு குப்பையில்லா? வேற எந்த லெட்சுமிக்கோ அது போயிருமே. எனக்க பிள்ளை சுமந்துக்கிட்டே நிக்குமே."

அந்த நேரம் பார்த்துத்தான் நாகம்மையும் மகனும் வண்டியோடு வந்து இறங்கினார்கள். சம்பந்தியைப் பார்த்ததும் அந்த அம்மாள் அழ ஆரம்பித்தார். அழுகை அடங்கியதும் விஷயம் தெரிந்து கோபம் வந்தது.

"அண்ணாச்சி, அஞ்சு ஊரு ஆளு நடக்கப்பட்ட ரோடாக்கும் அது. அங்க கொண்டுபோயி குப்பைன்னு பேரு வெட்டி நிறுத்தணுமா? நாங்க அவள குப்பையாட்டா வச்சிருந்தோம்?"

"அப்பிடி இல்ல மயினி."

"பொறவு எதுக்காக்கும் அந்தப் பேரு? பெத்த பிள்ளைக்கு ஆராவது அப்பிடிப் பேரு வைப்பாவளா?"

அந்த மனிதர் கல்லின் மேலிருந்து கையை எடுத்தார். அப்புறம் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அவருக்கு அவளுக்கு முன்னால் நான்கு பிள்ளைகள் பிறந்தன. நாலும் வருஷம் திரும்புவதற்குள் போய்விட்டன. ராஜாமணி என்றும் பொன்னுலிங்கம் என்றும் ஆசையாகப் பெயர் வைத்த பிள்ளைகள். ஐந்தாவதாக இவள் பிறந்ததும், அவர் மனைவி பிள்ளையைக் கொண்டுபோய்க் குப்பைக்குழியில் ஒரு உருட்டு உருட்டி, அங்கே நின்ற பக்கத்து வீட்டுக்காரிக்குக் கொடுத்துவிட்டு, பிறகு ஒரு நாழித் தவிடு கொடுத்து வாங்கிக்கொண்டாள். குப்பை என்று பேரும் வைத்தாள். யாருக்கும் வேண்டாத பொருள் என்று நினைத்து எமன் தாண்டிப் போய்விடுவான். பத்தொன்பது வருஷம் தாண்டித்தான் போனான்.

இந்த வழக்கம் எனக்குத் தெரியாததல்ல. என் நோட்டுப் புத்தகத்திலேயே இருந்தது. 'குப்பை, பிச்சை, தவிடு: முந்தின பிள்ளைகள் தங்காத வீட்டில் வைக்கும் பெயர்கள்' என்று என் கையால் நான் எழுதியிருந்தேன். எழுதி வைத்தவனுக்கு, அந்தப் பெயரோடு ஒரு ஆள் எதிரே வந்து உட்கார்ந்தபோது ஏன் என்று கேட்கத் தோன்றவில்லை. என்மேலேயே எனக்கு வந்த எரிச்சலை எப்படிச் சொல்வேன்?

நாகம்மையின் முகம் வெளுத்துவிட்டது. "அப்போ, நான் பேர மாத்தினதாலதான் அவ போனான்னு சொல்லுதியளா?"

தகப்பனார் பதில் சொல்லவில்லை. அதுதான் மோசம். ஆமாம் என்றாவது சொல்லியிருக்கலாம்.

"எனக்கு ஆரும் சொல்லல்லியே!" என்று அந்த அம்மாள் தலையில் அடித்துக்கொண்டார். "பெண்ணு பாக்க வந்தப்போ சொன்னியளா? கல்யாணத்துக்கு அன்னைக்கு சொன்னியளா? ஒரு வாக்கு சொல்லியிருந்தா, குப்பைன்னு கூப்பிட எனக்கு என்ன கேடு? ஆயிரம் தடவ கூப்பிட்டிருப்பேனே!"

"சொல்லப்பிடாது மயினி. காரணத்த வெளிய சொன்னா அது பலிக்காதுன்னு அவளுக்க அம்மை சொல்லியிருந்தா. அதான் நானும் சொல்லல்ல. உங்கள நான் குத்தம் சொல்ல வரல்ல. எனக்க வாயும்தானே மூடிக் கெடந்துது."

நான் சமாதானம் பேசுகிறேன் என்று நடுவில் புகுந்தேன். சொத்துப் பத்திரங்களில் எழுதுவதுபோல் 'குப்பை என்ற லெட்சுமி' என்று போட்டால் இருவருக்கும் திருப்தியாக இருக்குமே என்றேன். இரண்டு பேரும் ஒரே மாதிரி என்னைப் பார்த்த பார்வை இன்றைக்கும் சுடுகிறது. நான் மகன் பக்கம் திரும்பி, "நீ அவள என்ன பேரு சொல்லிக் கூப்பிடுவே?" என்று கேட்டேன். அவனாவது ஒரு முடிவு சொல்வான் என்ற நப்பாசை.

"நான் பேரு சொல்லிக் கூப்பிட்டதே கெடையாது. ஏட்டின்னுதான் கூப்பிடுவேன். அவளும் என்னைய பேரு சொன்னதில்ல," என்றான். கொஞ்சம் பொறுத்து, "அன்னைக்கு உங்ககிட்ட சொன்னதுதான் நான் அவ பேர மொதல்ல வாயெடுத்துச் சொன்னது. நீங்க, அது கிடக்கட்டும்னுட்டீங்க," என்றான்.

கடைசியில் நீலன் ஆசாரி எழுந்து வந்தார். மறுநாள் கல் நடுவதற்கு நாள் குறித்தாயிற்று. வேறு கல் கொத்த நேரமில்லை. வெட்டினதை அழித்தால் கல் ஒடுங்கிப் பலம் போய்விடும். "ஏத்துங்கலே," என்று மற்ற ஆசாரிகளிடம் சொன்னார். என்னிடம் மட்டும் தாழ்ந்த குரலில், "நல்ல பேரு, நல்ல பேருன்னு நீரு கெட்டீரு, எங்களயும் கெடுத்தீரு," என்றார். அந்தத் தகப்பனார் வண்டிக்குப் பின்னால் நடந்து போனார்.

5. கல் நட்ட இடம்

மறுநாள் காலையில் இரணியல் ரோட்டில் கல் நட்டோம். பக்கத்தில் ஒரு புளியமரம், எதிரில் தோப்பு. ஊர்க்காரர்கள் ஏழெட்டுப் பேர் வந்திருந்தார்கள். கால்கள் இரண்டையும் குழியில் இறக்கி, மண் இடித்து, குறுக்குக் கல்லைத் தூக்கி வைத்தபோது என் எழுத்து ரோட்டைப் பார்த்துப் பளிச்சென்று நின்றது. எனக்கு அதைப் பார்க்கவே பிடிக்கவில்லை. தகப்பனார் புளியமரத்து வேரில் தள்ளி உட்கார்ந்திருந்தார். நாகம்மை தேங்காய் உடைத்து மஞ்சள் பூசினார். இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

முதல் சுமையை யாராவது இறக்க வேண்டும். அதற்காகக் காத்து நின்றோம். கடியப்பட்டணம் பக்கமிருந்து மீன்காரிகள் சந்தைக்கு ஓட்டமும் நடையுமாக வருகிற நேரம். முன்னால் வந்தவள் நடுத்தர வயது, ஓலைக் கடவத்திலிருந்து மீன்தண்ணி தோளில் ஒழுகிக்கொண்டிருந்தது. புதுக் கல்லைக் கண்டதும் நின்றாள்.

"அம்மாடி, நல்லதாப் போச்சு. ஆருக்க பேருல வச்ச கல்லாக்கும் இது?" என்று மூச்சு வாங்கக் கேட்டாள்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான்தானே எழுத்துக்காரன். கல்லில் என்ன இருக்கிறதோ அதை வாசிக்க வேண்டியது என் தொழில். நான் தொண்டையைச் சரிசெய்துகொண்டேன்.

"குப்பை," என்று ஒரு குரல் கேட்டது.

நாகம்மைதான். மஞ்சள் பூசிய கையைக் கல்லின் மேல் வைத்தபடியே சொன்னார். "எனக்க மருமக. குப்பைன்னு பேரு. பேரு சொல்லி எறக்கு தாயே, அவளுக்குக் கேக்கட்டும்."

மீன்காரி ஒன்றும் கேட்கவில்லை, சிரிக்கவும் இல்லை. கல்லோடு ஒட்டி நின்று, கடவத்தை மெல்லச் சரித்து வைத்தாள். "எறக்கிட்டேன் குப்பை மோளே. நீயும் எறக்கி வச்சுக்க," என்றாள். பின்னால் வந்த இரண்டு மீன்காரிகளும் தங்கள் முறைக்கு அதையே சொல்லி இறக்கினார்கள். குப்பை, குப்பை என்று அந்தப் பெயர் அன்று அந்த ரோட்டில் நாலைந்து தடவையாவது ஒலித்தது. மகன் மேல்துண்டால் முகத்தை மூடிக்கொண்டான். புளியமரத்தடியில் இருந்த மனிதர் எழுந்து வந்து, சம்பந்தியின் பக்கத்தில் நின்று, வெறும் இரண்டு கைகளையும் கல்லின் மேல் வைத்துக்கொண்டு வெகுநேரம் அழுதார்.

கல்லின் பின்பக்கம் சும்மாதான் கிடக்கிறது, ஒரு வாரம் கழித்து வந்து அதில் சரியான பெயரை வெட்டித் தருகிறோம் என்று அவரிடம் சொன்னேன். கூலி வேண்டாம் என்றும் சொன்னேன். "இனி எதுக்குத் தம்பி?" என்றார். நீலன் ஆசாரி என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார்.

6. தப்பாக வாசித்த கல்

அதற்குப் பிறகு நான் யாரிடமும் நல்ல பெயர் கேட்டதில்லை. என்ன பெயர், யார் வைத்தது, எதற்காக வைத்தது, இந்த மூன்றையும் கேட்டு, சொன்னதைச் சொன்னபடி வரைந்தேன். பிச்சை என்றால் பிச்சைதான். நாணு என்றால் நாணுதான். இதனால் நிம்மதி வந்ததா என்றால் இல்லை. "எங்க அப்பாக்க பேர இப்பிடி மொட்டையா வெட்டிட்டீரே," என்று சண்டைக்கு வந்தவர்கள் கணக்கில்லை. நோட்டுப் புத்தகத்தை மட்டும் விடவில்லை. பெயரின் அர்த்தத்துக்குப் பக்கத்தில், அதை வைத்தவர் சொன்ன காரணத்துக்கும் ஒரு கட்டம் போட்டேன். நீங்களும் ஏதாவது ஆபீசில் பெயர் எழுதுகிற வேலையில் இருந்தால் அந்தக் கட்டத்தைப் போட்டுக்கொள்ளுங்கள். அவசரத்தில் அதுதான் முதலில் விட்டுப்போகும்.

முப்பதுகளின் கடைசியில் ஒரு கல்லறைச் சிலுவை வேலையாகக் கடியப்பட்டணம் போய்விட்டு அதே ரோட்டில் நடந்து வந்தேன். கையில் பழைய இரும்புப் பெட்டி, தோள் கழன்றுவிடும்போல் இருந்தது. சுமைதாங்கியில் அதை வைத்தேன். ஏற்கெனவே ஒரு மீன்காரி கடவத்தை வைத்துவிட்டு நின்றுகொண்டிருந்தாள், சின்னப் பெண். எங்கே இருந்து வருகிறீர்கள் என்று கேட்டாள். கடியப்பட்டணத்திலிருந்து வருகிறேன், கொஞ்சம் இளைப்பாறலாம் என்று நின்றேன் என்றேன்.

"குப்பைக் கல்லுல வச்சாச்சுன்னா தோளு வேதனை போயிரும்," என்றாள். பிறகு என் சட்டைப்பையில் பென்சிலைப் பார்த்துவிட்டு, "உங்களுக்கு வாசிக்கத் தெரியுமா அண்ணே? இதுல குப்பைன்னுதானே எழுதியிருக்கு?" என்று கேட்டாள்.

மழையும் வெயிலும் பட்டும் எழுத்து ஒன்றுகூட மங்கவில்லை. நீலன் ஆசாரியின் வேலை அப்படி. மூன்று அங்குலத்தில், நான் வரைந்த சுழிகள் அத்தனையும் தெறிக்காமல் அப்படியே இருந்தன. நான் முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்து வரை விரலை வைத்து, நிதானமாக வாசித்தேன்.

"ஆமா பிள்ளே," என்றேன். "குப்பைன்னுதான் எழுதியிருக்கு."